உதடு ஒட்டாமல் பேசிய நடிகர்

கையில் மாலையோடு ஏழு பேர் நின்றார்கள். எண்ணியது நான்தான். கூட்டத்தைக் கண்டால் தலையை எண்ணுவது பத்திரிகைக்காரர்களின் வியாதி. மாலைகளுக்குப் பின்னால் இரண்டு தப்பு, ஒரு டிரம், வட்டகொடை ஸ்டேஷன் மேடை கொள்ளாத சனம். மழை விட்டு அரை மணி நேரம் ஆகியிருந்தது. மல்லிகை வாசமும் ஈரக் கம்பளி வாசமும் கலந்து அடித்தன. ரயில் வழக்கம்போலத் தாமதம்.

பெட்ரோல் வரிசைகள் ஓய்ந்து, பாண் ரொட்டியின் விலை மட்டும் இறங்காமல் நின்றிருந்த காலம் அது. வெளிநாட்டுப் படக் கம்பெனி ஒன்று வட்டகொடைக்கு மேலே உள்ள ஒரு தோட்டத்தில் மூன்று வாரம் படம் எடுக்க வந்திருந்தது. நான் அப்போது ஹட்டனிலிருந்து ஒரு தினசரிக்குச் செய்தி அனுப்பிக்கொண்டிருந்தேன். தமிழ், சிங்களம், ஆங்கிலம் மூன்றும் தெரிந்த ஆள் வேண்டும் என்றார்கள். பத்திரிகையில் விடுப்புச் சொல்லிவிட்டு மொழிபெயர்ப்பாளராகப் போனேன்.

கம்பெனியின் சிங்கள மேலாளர் முதல் நாள் தோட்டத்தில் சொன்ன செய்தி ஒரே வரிதான்: “நாளைக்கு இந்தியன் ஆக்டர் ஒருவர் ரயிலில் வருகிறார்.”

அதற்கு மேல் அவர் சொல்லவும் இல்லை, யாரும் கேட்கவும் இல்லை. அன்று மாலைக்குள் மேல் டிவிசனும் கீழ் டிவிசனும் ஆளுக்கொரு சென்னை நட்சத்திரத்தின் பெயரைச் சொல்லித் தகராறு செய்யத் தொடங்கிவிட்டன.

ரயிலிலிருந்து இறங்கியவருக்கு எழுபதுக்கு மேல் இருக்கும். நல்ல உயரம். கம்பளித் தொப்பி. தொப்பிக்குக் கீழே, முதுகின் பாதிவரை ஒற்றைப் பின்னலாக வெள்ளை முடி. வளைந்த ரோட்டில் வேன் வயிற்றைப் புரட்டும் என்று, ரயிலைக் கேட்டு வாங்கி வந்தவர்.

தப்பு நின்றுவிட்டது. தேயிலை பெக்டரியில் வேலை செய்யும் ராசையா, முன்வரிசை மாலைக்காரர், என் பக்கம் சாய்ந்தார்.

“மிஸ், இவரு எந்தப் படத்துல வந்தாரு?”

நான் வந்தவரிடம் போய் நடந்ததைச் சொன்னேன். அவர் பெயர் லூயி. கனடாவில், பெரிய ஆறு ஒன்றின் கரையில் உள்ள மொஹாக் ஊர்க்காரர். அமெரிக்கக் கண்டத்தின் ஆதிகுடி மக்களில் ஒரு கூட்டம். அவர்களை ‘இந்தியன்’ என்று அழைப்பது பழைய ஆங்கில வழக்கம். மேலாளர் அந்த வழக்கத்தில் சொன்னதை, தோட்டம் வேறு வழக்கத்தில் கேட்டிருக்கிறது.

லூயி மாலைகளைப் பார்த்தார். பிறகு என்னிடம் மெதுவாக, “ஐந்நூறு வருடத்துக்கு முன்னால் ஒரு கப்பல்காரர் வழி தவறிப்போனார். அந்தத் தவறு இன்னும் முடியவில்லை என்று சொல்லுங்கள்” என்றார்.

சொன்னேன். ராசையா மாலையை இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டார்.

“அப்ப நம்மாளுதான். எம் பொறப்புச் சாட்டிபிகேட்லயும் இந்தியத் தமிழன்னுதான் போட்டிருக்கான். நா ராமேஸ்வரத்தக்கூடப் பாத்ததில்ல. போடுங்கப்பா மாலைய.”

ஏழு மாலையும் ஒரே கழுத்தில் ஏறின. தப்பு மறுபடி தொடங்கியது.

விழுவதுதான் வேலை

லூயியின் தகப்பனார் நியூயோர்க் நகரத்து வானுயரக் கட்டடங்களில் இரும்பு உத்தரங்களைப் பூட்டியவர். அந்த ஊர் ஆண்களில் பலருக்கும் அதுதான் தொழில். காற்றில் நடப்பவர்கள் என்று பெயர் வாங்கியவர்கள். லூயியும் பதினெட்டு வயதில் மேலே ஏறினார்.

ஒருநாள் படக் கம்பெனி ஒன்று, மாடியிலிருந்து விழ ஆள் தேடிக்கொண்டு வந்தது. லூயி விழுந்தார். அழகாக விழுகிறார் என்றார்கள். சினிமாவில் முதல் ஆறு வருடம் அவருடைய வேலை விழுவது மட்டும்தான். கூரையிலிருந்து, குதிரையிலிருந்து, பாறையிலிருந்து. முகம் அதற்குப் பிறகுதான் திரைக்கு வந்தது.

பேசும் வேடம் முதன்முதலாகக் கிடைத்தபோது வயது இருபத்தாறு. “உன் பாஷையில் ஏதாவது பேசு” என்றார் இயக்குநர். லூயி பேசினார். மிகவும் மென்மையாக இருக்கிறது, தேநீர் கேட்கிற மாதிரி இருக்கிறது, தொண்டையிலிருந்து கரடுமுரடாக ஏதாவது சத்தம் போடு என்றார்கள். வேலை வேண்டும். சத்தம் போட்டார்.

அந்தப் படம் அவருடைய ஊருக்கு வந்தது. அக்கா செசில் பார்க்கப் போனார். செசில் பள்ளிக்கூடத்தில் தன் பாஷை பேசியதற்காக அடி வாங்கிய தலைமுறை. அடிக்குப் பயந்து பலர் மறந்துவிட்ட பாஷையை மறக்காமல் வைத்திருந்து, பின்னாளில் ஊர்ப் பிள்ளைகளுக்கு அதையே கற்றுக்கொடுத்தவர். தம்பி சத்தம் போட்ட இடத்தில் எழுந்து வெளியே போய்விட்டார். வீட்டில் ஒரே ஒரு வாக்கியம் சொன்னார்: “நீ பேசும்போது கூப்பிடு, வந்து பார்க்கிறேன்.”

நாற்பதுக்கும் மேற்பட்ட படங்கள். செசில் ஒன்றைக்கூடப் பார்க்கவில்லை.

இதையெல்லாம் லூயி எனக்குச் சொன்னது வந்த இரண்டாம் நாள், மழைக்கு ஒதுங்கிய, கொழுந்து நிறுக்கும் மடுவத்தில். இரண்டு கோப்பை பாலில்லாத சாயத்தண்ணி குடித்து முடிக்கும் நேரம். இந்தப் படத்தில் அவர் ஒரு மலைக்கூட்டத்தின் தலைவர். மலையை விட்டு வெளியேறச் சொல்கிறார்கள், மறுக்கிறார். அந்த இடத்தில் நீண்ட பேச்சு ஒன்று வருகிறது. ஒப்பந்தத்தில் அது ஆங்கிலம். அதைத் தன் மொழியில், அர்த்தத்தோடு, கீழே எழுத்து ஓடும்படி பேசிவிட வேண்டும். அதற்காகத்தான் இவ்வளவு தூரம் வந்ததாகச் சொன்னார்.

“அக்காவுக்கு எண்பத்திரண்டு ஆகிறது” என்றார். கோப்பையைக் கவிழ்த்து வைத்தார்.

பெயர் போன இடம்

இந்த இடத்தில் என் பழைய கதை ஒன்றைச் சொல்ல வேண்டும்.

நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், கந்தப்பளைப் பக்கத்தில் தொழிலாளர் வரிசை வீடுகளான லயம் ஒன்று சரிந்தது. உயிர்ச்சேதம் இல்லை. பிள்ளைகளை வெளியே இழுத்துப் போட்ட நான்கு பெண்களின் பெயரை எழுத்துக்கூட்டிக் கேட்டு, செய்தியில் போட்டு அனுப்பினேன். மறுநாள் அச்சில் ‘தோட்டத் தொழிலாளர் நால்வர்’ என்று இருந்தது. கொழும்புக்கு போன் போட்டேன். இடம் போதவில்லை என்றார் உதவி ஆசிரியர். நல்ல மனிதர், பொய் சொல்லவில்லை. அந்தப் பக்கத்தில் உண்மையிலேயே இடம் இல்லை.

பத்திரிகையோடு அந்த நான்கு பேரிடம் போனபோது, ஒருவர் மடித்து வைத்துக்கொண்டார். மற்ற மூவரும் என்னைத்தான் பார்த்தார்கள். ஆகவே லூயி சொன்னதை நான் அன்று குறிப்பேட்டில் எழுதிக்கொள்ளவில்லை. தேவைப்படவில்லை, எனக்கு ஏற்கெனவே தெரிந்த கதைதான்.

சம்பளம் என்று சொல்ல வராது

மலைக்கூட்டத்துச் சனமாக நிற்க, மேல் டிவிசனிலிருந்து அறுபது பெண்களை எடுத்திருந்தார்கள். கொழுந்து பறிப்பவர்கள். எல்லோருக்கும் பழுப்பு நிறத்தில் ஒரு துணி. நிற்பதுதான் வேலை. தெய்வானை, இருபத்தெட்டு வருடமாகக் கொழுந்து எடுப்பவர், “நாள் பூரா நிக்கிறதுக்கு ஆள் எடுக்கிறாங்கன்னா நம்மளவிட்டா யாரு” என்று சொல்லிக்கொண்டே முதல் ஆளாகப் பெயர் கொடுத்தார்.

தேநீர் இடைவேளைகளில் லூயி இவர்களோடுதான் உட்காருவார். ஒருமுறை தன் மொழியைப் பற்றிச் சொன்னார். அதைப் பேசும்போது உதடுகள் ஒன்றையொன்று தொடாது. ‘ம’ இல்லை, ‘ப’ இல்லை. மொஹாக் என்பதே பக்கத்து எதிரிகள் வைத்து வெள்ளைக்காரர் பிடித்துக்கொண்ட பெயர். லூயியின் மக்களால் தங்கள் மொழியில் அதைச் சொல்லவே முடியாது. தங்களைச் சக்கிமுக்கிக் கல் நாட்டவர் என்பார்கள். மொழியின் பெயர் கன்யென்கேஹா.

உடனே ஒரு பரிசோதனை தொடங்கியது. அறுபது பேரும் உதட்டை ஒட்டாமல் பேசிப் பார்த்தார்கள். அம்மா வரவில்லை. அப்பா வரவில்லை. மலை போயிற்று. தேயிலை வந்தது, கொழுந்து வந்தது, தேத்தண்ணி வந்தது. யாரோ சம்பளத்தைச் சொல்லிப் பார்த்தார்கள். வரவில்லை.

“சம்பளம்னு வாயில வராதா?” என்றார் தெய்வானை. “அப்ப எங்க தோட்டத்துத் தொரையும் இந்தப் பாசதான் பேசுறாரு.”

நான் மொழிபெயர்த்தேன். லூயி சாயத்தண்ணியைத் துப்பிவிட்டுச் சிரித்தார்.

ஆனால் தன் மொழியில் பேச லூயி கேட்டது நடக்கவில்லை. இயக்குநர் லண்டனிலிருந்து வந்த இளம்பெண். கெட்டவர் இல்லை. யாருக்கும் புரியாத மொழியில் ஒருவர் மூன்று நிமிடம் பேச, எதிரே அறுபது பேர் மரம் மாதிரி நின்றால் காட்சி செத்துவிடும் என்றார். பணம் போட்டவர்கள் ஒத்துக்கொள்ள மாட்டார்கள் என்றும் சொன்னார். இரண்டு முறை லூயி கேட்டார், இரண்டு முறையும் நான் பக்கத்தில் இருந்தேன். இயக்குநர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. அதுதான் சங்கடம்.

தெய்வானை போட்ட சத்தம்

பெரட்டு என்றால் என்னவென்று தெரியாத வாசகர்களுக்காக ஒரு வரி. தோட்டத்தில் விடிந்ததும் வேலையாட்களை ஓரிடத்தில் கூட்டிப் பெயர் கூப்பிடுவார்கள். பெயர் விழும்போது குரல் கொடுக்காவிட்டால் அன்று வேலை இல்லை. படக் கம்பெனியும் அதையே செய்தது. காலையில் உதவியாளர் ஒருவர் அட்டையை வைத்துக்கொண்டு அறுபது பெயரையும் கூப்பிடுவார்.

லூயிக்கும் காலையில் ஒரு வழக்கம் உண்டு. தேயிலை முடிகிற விளிம்பில் போய் நின்று, தன் மொழியில், மனிதருக்கு, மண்ணுக்கு, தண்ணீருக்கு, செடிகொடிகளுக்கு என்று வரிசையாக நன்றி சொல்வார். அதில் ஒரு சொல் திரும்பத் திரும்ப வரும். தமிழ்க் காதுக்கு ‘தெய்யெதினொன்வெராதுன்’ என்று கேட்கும்.

முதல் வாரக் கடைசியில் ஒருநாள். பனி இன்னும் விலகவில்லை. தெய்வானை ஒரு புதருக்குப் பின்னால் பழுப்புத் துணியைக் கட்டிக்கொண்டிருந்தார். விளிம்பில் லூயியின் குரல் உயர்ந்தது. ‘தெய்...’ என்று தொடங்கி, நடுவில் ‘வெ’ என்று ஏதோ விழுந்தது. பெரட்டு தொடங்கிவிட்டது, தன் பெயர் போகிறது என்று நினைத்துவிட்டார் தெய்வானை. பாதி கட்டிய துணியோடு புதரிலிருந்து வெளியே ஓடிவந்தார்.

“தோ, இருக்கேன்!”

பெண்கள் விழுந்து சிரித்தார்கள். “ஒன்னைய யாரும் கூப்புடலக்கா, அவரு சாமி கும்புடுறாரு” என்றாள் ஒருத்தி. தெய்வானை முகத்தை மூடிக்கொண்டார்.

லூயி பேச்சை நிறுத்திவிட்டார். எங்களை நோக்கி நடந்து வந்தார். கோபம் என்று நினைத்தேன். அந்த அம்மா முதலில் சொன்ன சொல் என்ன என்று கேட்டார். ‘இதோ’ என்பதன் சுருக்கம், கூப்பிட்டால் இங்கே அப்படித்தான் குரல் கொடுப்பார்கள் என்றேன்.

அவர் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டார். பிறகு விளக்கினார். அவருடைய ஊரில் ஒருவர் நின்று இப்படி நன்றி சொன்னால், ஒவ்வொரு நன்றியின் முடிவிலும் கூடியிருப்பவர்கள் ஒரே குரலில் ஆமோதிப்பார்கள். அப்படியே ஆகட்டும் என்று அர்த்தம். அதற்கு ஒரு சொல்தான்.

“தோ” என்றார்.

பதினொரு நிமிடம்

நேரே இயக்குநரிடம் போனார். “எனக்குப் பதில் சொல்ல ஆள் இருக்கிறார்கள்” என்றார். பெண்களை நிறுத்தி, இரண்டு வரி பேசிக் காட்டினார். அறுபது பேரும் தோ என்றார்கள். எதிர் மலையிலிருந்து எதிரொலி வந்தது.

இயக்குநர் பேனாவைக் கடித்தார். முதலில் ஆங்கிலத்தில் எடுப்பேன், அதற்குத்தான் எனக்குப் பணம் தந்திருக்கிறார்கள் என்றார். வெளிச்சம் மிஞ்சினால் உங்கள் மொழியில் ஒரே ஒரு தடவை. அதுவும் படத்தில் நிற்கும் என்று வாக்குத் தர முடியாது.

லூயி அக்காவுக்கு போன் செய்தார். காலை நன்றியைப் படத்தில் சொல்லலாமா என்று கேட்டார். அதைக் கமராவுக்குக் கொடுக்காதே, சொந்தமாக எழுதிக்கொள் என்றார் செசில். எந்தப் படம் என்று கேட்கவில்லை. இவரும் சொல்லவில்லை. இரண்டு நாள் உட்கார்ந்து பென்சிலில் எழுதினார்.

படப்பிடிப்பு நாளில் ஆங்கிலப் பேச்சை நான்கு தடவை எடுத்தார்கள். நான்கிலும் பிசகில்லை. வேண்டுமென்றே கெடுத்திருக்கலாம். அவர் கெடுக்கவில்லை. நான்காவது முடிந்தபோது மேல் முகட்டில் மிஸ்ட் இறங்கத் தொடங்கியிருந்தது. பள்ளத்தாக்கை மூடப் பத்துப் பன்னிரண்டு நிமிடம் ஆகும் என்று ராசையா கணக்குச் சொன்னார். பெக்டரி லீவில் வேடிக்கை பார்க்க வந்திருந்தவர் அவர். கடைசியில் ஆனது பதினொன்று.

லூயி பேசத் தொடங்கினார். உரக்கவே இல்லை. தேநீர் கேட்கிற மாதிரிதான் இருந்தது. பாறைக்கு நன்றி. பெண்கள் தோ என்றார்கள். தண்ணீருக்கு நன்றி. தோ. மூன்றாவதாக, அந்த மண்ணுக்குள் கிடப்பவர்களுக்கு. பொருளைப் பெண்களுக்கு முன்பே சொல்லியிருந்தோம்.

தெய்வானை முன்வரிசையில் நின்றார். அவருக்குச் சொல்லிக்கொடுத்தது ஒரு சொல். இருபத்தெட்டு வருடப் பழக்கம் இரண்டு சொல்.

“தோ, இருக்கேன்.”

பக்கத்தில் நின்றவளும் சொன்னாள். அவளுக்குப் பக்கத்தில் நின்றவளும். ஒரே குரலாக அல்ல, பெரட்டில் வருவது போல ஒன்றன்பின் ஒன்றாக, அறுபது இருக்கேன் அந்தச் சரிவில் இறங்கிப் போயின. கடைசிக் குரலைப் பார்க்க முடியவில்லை. மிஸ்ட் மூடிவிட்டது.

வசனம் சரிபார்க்கும் பெண், அவர்கள் கூடுதலாக ஏதோ சொல்லிவிட்டார்கள் என்றாள். இயக்குநர் என்னைப் பார்த்தார். அர்த்தத்தைச் சொன்னேன்: நான் இங்கே இருக்கிறேன்.

அவர் காதுக்கருவியை மறுபடி மாட்டிக்கொண்டு முழுவதையும் ஒருதரம் கேட்டார்.

“இதை நான் எழுதியிருக்க வேண்டும்” என்றார்.

உள்ளேன் ஐயா

அதற்குப் பிறகு ஒரு வருடத்துக்கு மேல் ஒன்றும் தெரியவில்லை. பணம் போட்டவர்கள் ஆங்கிலப் பேச்சைத்தான் கேட்கிறார்கள் என்று இயக்குநரிடமிருந்து ஒரு மின்னஞ்சல் வந்தது. சில மாதம் கழித்து இன்னொன்று. இரண்டு விதமாகவும் ஆட்களுக்குப் போட்டுக் காட்டியிருக்கிறார்கள். ஆங்கிலத்தைப் பார்த்தவர்கள் அந்த இடத்தில் இருமினார்கள், மற்றதைப் பார்த்தவர்கள் அசையவில்லை என்று எழுதியிருந்தார். கடைசி வரி: லூயியின் பேச்சு நிற்கிறது.

பிறகு சென்னையில் தமிழாக்கக் குரல் சேர்த்தார்கள். அங்கிருந்து என்னிடம் ஒரு சந்தேகம் கேட்டார்கள். துணை நடிகைகள் ‘இருக்கேன்’ என்று கொச்சையாகச் சொல்கிறார்கள், அதை ‘உள்ளேன் ஐயா’ என்று மாற்றலாமா?

அறுபது பெண்கள் மலைச் சரிவில் நின்று உள்ளேன் ஐயா சொல்வதை நினைத்துப் பார்த்தேன். வேண்டாம் என்று பதில் போட்டேன். லூயியின் பேச்சுக்கும் தமிழ்க் குரல் வேண்டாம், கீழே எழுத்து போதும், அதை நானே எழுதித் தருகிறேன் என்றேன். இயக்குநரும் அதையே சொல்லிவிட்டார். வணக்கத்தையும் நன்றியையும் ஒன்றாகச் சொல்கிற லூயியின் அந்த நீளச் சொல்லுக்கு ‘கும்பிடுகிறோம்’ என்று போட்டேன். பத்திரிகையில் எத்தனையோ தலைப்பு எழுதியிருக்கிறேன். அந்த ஒரு சொல்லுக்கு மூன்று நாள் ஆனது.

ஞாயிற்றுக்கிழமை

தோட்டத்து மாதா கோவில் மண்டபத்தில், ஒரு ஞாயிறு பிற்பகல், வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டிப் படத்தைப் போட்டோம். இருநூற்றுப் பதினான்கு பேர், கைக்குழந்தைகள் சேராமல். அந்தக் காட்சி வந்தபோது யாரும் விசிலடிக்கவில்லை. காட்சி முடிந்ததும் மறுபடி போடச் சொன்னார்கள். மூன்று முறை போட்டோம். மூன்றாவது தடவை, திரையில் தன் முகம் வந்ததும் தெய்வானை எழுந்து நின்றுவிட்டார். பின்னால் இருந்தவர்கள் உட்காரச் சொல்லவில்லை.

படம் முடிந்தபின் லூயியை வீடியோ அழைப்பில் பிடித்தேன். அவருக்கு அது காலை. அடுக்களையில் இருந்தார். என் போனை ஒலிபெருக்கியில் சேர்த்து, அவர் சொல்லச் சொல்ல மண்டபத்துக்கு மொழிபெயர்த்தேன்.

முதல்நாள் மாலைதான் அவருடைய ஊரிலும் படம் போட்டிருந்தார்கள். இந்தத் தடவை அக்காவைக் கூப்பிட்டிருக்கிறார். அவரும் வந்திருக்கிறார். மூன்றாவது வரிசை, நடைபாதைப் பக்கம், எழுந்து போக வசதியான நாற்காலி. அந்தக் காட்சி வந்தது. செசில் எழுந்திருக்கவில்லை. படம் முடிந்து விளக்குப் போட்டும் எழுந்திருக்கவில்லை. லூயிதான் அவரிடம் போயிருக்கிறார்.

“தண்ணீருக்கு நன்றி சொன்ன இடத்தில் ஒருமையில் சொல்லிவிட்டாய்” என்றாராம் செசில். “ஆறு இருக்கிறது, மழை இருக்கிறது, ஊற்று இருக்கிறது. பன்மையில் சொல்ல வேண்டும்.”

லூயி அதை இரண்டு தடவை சொன்னார். எனக்குக் கேட்கவில்லை என்று நினைத்துவிட்டார் போலும்.

“நாற்பத்தைந்து வருடமாக நடிக்கிறேன். அவள் எனக்குத் திருத்திய முதல் வசனம்” என்றார்.

அடுத்து ஒரு படம் வந்திருக்கிறதாம். முழுக்க அவருடைய மொழியில். வசனம் சரிபார்க்க ஆள் கேட்டார்கள், அக்காவின் பெயரைக் கொடுத்துவிட்டேன் என்றார்.

மண்டபத்தில் கைதட்டல். தெய்வானை மட்டும் தட்டாமல் என் அருகே வந்து, போனுக்குள் இருந்தவரைக் கூர்ந்து பார்த்தார்.

“தண்ணிய ஒருமையில பேசிட்டாராக்கும். அந்தக்கா சொல்றது சரிதானே, மிஸ். மரியாதையில்லாம நீ, வா, போன்னா தண்ணி எப்புடி வரும்? அடுத்த படத்துல நீங்க, வாங்கன்னு பேசச் சொல்லுங்க.”

வரி பிசகாமல் அதையும் மொழிபெயர்த்தேன். லூயி சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். அவர் மேசையில் கிடந்த பென்சிலை எடுத்து, ஒரு தாளை இழுத்து, எழுதிக்கொண்டார்.